ஒரு பெண்ணுக்கு 1.4 குழந்தை: இந்தக் கணக்கு எப்படி வருகிறது?

தமிழ்நாட்டில் ஒரு பெண்ணுக்கு 1.4 குழந்தைதான் என்று ஒரு செய்தி வந்தால், மறுநாளே அது பல உருவம் எடுத்துவிடுகிறது. கல்யாணப் பந்தியில் ஒருவர், "இப்பல்லாம் யாருங்க ரெண்டு பெத்துக்கிறாங்க" என்கிறார். பக்கத்து இலைக்காரர், "எல்லாம் உரமும் மருந்தும் போட்ட சாப்பாடு, பிள்ளை பிறக்கிற சக்தியே போச்சு" என்கிறார். இன்னொருவர் தன் ஊர் அரசுப் பள்ளியில் ஒன்றாம் வகுப்புக்கு நாலே பேர் சேர்ந்ததைச் சொல்கிறார். 2024 அக்டோபரில் அன்றைய முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் ஒரு திருமண விழாவில், "பதினாறும் பெற்று" என்ற வாழ்த்தை, மக்கள்தொகையை வைத்து நாடாளுமன்றத் தொகுதிகளைப் பிரிக்கும் தொகுதி மறுவரையறையோடு சேர்த்துப் பேசிய பிறகு, இந்தப் பேச்சில் அரசியலும் கலந்துவிட்டது.

பேசுவது நல்லதுதான். ஆனால் பேசுகிற எண் எதைக் குறிக்கிறது என்பது பெரும்பாலும் யாருக்கும் தெளிவாக இருப்பதில்லை. நான் மதுரையில் கல்லூரிப் பிள்ளைகளுக்குப் புள்ளியியல் சொல்லித் தருகிறேன். இந்த 1.4 என்பது ஒரு பெண் உண்மையில் பெற்ற குழந்தைகளின் எண்ணிக்கை என்றுதான் அவர்களில் பெரும்பாலோர் நினைத்துக்கொண்டு வருகிறார்கள். அது அப்படியில்லை. அந்த எண்ணுக்குப் போய்ச் சேர, அடியிலிருந்து ஒவ்வொரு படியாக ஏற வேண்டும்.

பிறப்பு எங்கே பதிவாகிறது?

எல்லாக் கணக்குக்கும் மூலப்பொருள் ஒன்றுதான்: குழந்தை பிறந்த செய்தி. 1969-ஆம் ஆண்டின் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டப்படி ஒரு பிறப்பை 21 நாளுக்குள் தெரிவிக்க வேண்டும். மருத்துவமனையில் பிறந்தால் மருத்துவமனையே தெரிவித்துவிடும். தமிழ்நாட்டில் ஏறக்குறைய எல்லாப் பிரசவமும் மருத்துவமனையில்தான் நடக்கிறது. அதனால் பதிவு தவறிப்போவது இங்கே மிகக் குறைவு.

அந்தப் பதிவுப் படிவத்தைக் கொஞ்சம் உற்றுப் பாருங்கள். அதில் இரண்டு பகுதி உண்டு. பிறப்புச் சான்றிதழுக்கு வேண்டிய பெயர், தேதி, இடம் எல்லாம் ஒரு பகுதி. இன்னொரு பகுதி புள்ளிவிவரத்துக்கு. தாய் வழக்கமாகக் குடியிருக்கும் ஊர், கல்யாணமானபோது தாயின் வயது, இந்தக் குழந்தை பிறந்தபோது தாயின் வயது, இதையும் சேர்த்து உயிரோடு பிறந்த குழந்தைகள் எத்தனை என்றெல்லாம் அதில் கேட்டிருக்கும். பிரசவ வார்டு வாசலில், தூக்கமில்லாத ஒரு தகப்பனோ சித்தப்பாவோ அவசரத்தில் நிரப்புகிற பகுதி அது. "வயசு இருபத்து நாலா, அஞ்சா? ஏதாச்சும் போடுங்க" என்று சொல்லிவிட்டுப் போகிறார்கள். நாட்டின் கருவளக் கணக்கில், அதாவது பெண்கள் எத்தனை குழந்தை பெறுகிறார்கள் என்ற கணக்கில், தாயின் வயது எவ்வளவு முக்கியம் என்பது தெரிந்தால் அப்படிச் சொல்ல மாட்டார்கள்.

இந்தப் பதிவில் ஒரு சிக்கல் இருக்கிறது. குழந்தை எங்கே பிறந்ததோ அங்கேதான் பிறப்பு பதிவாகும். தாய் எங்கே வசிக்கிறாள் என்பதைப் பொறுத்து அல்ல. மதுரையில் இது பெரிய விஷயம். நம்ம பெரியாஸ்பத்திரிக்கு, அதாவது அரசு இராசாசி மருத்துவமனைக்கு, சிவகங்கை, இராமநாதபுரம், விருதுநகர், தேனி பக்கமிருந்தெல்லாம் சிக்கலான பிரசவங்களை அனுப்புகிறார்கள். தனியார் மருத்துவமனைகளுக்கும் அப்படித்தான் வருகிறார்கள். அப்புறம், தலைப்பிரசவம் தாய் வீட்டில் என்ற வழக்கம். பெங்களூரிலோ சென்னையிலோ குடியிருக்கும் பெண் வளைகாப்பு முடிந்து இங்கே வருகிறாள், பிள்ளை பெற்று, மூன்று மாதமோ ஐந்து மாதமோ இருந்துவிட்டுத் திரும்புகிறாள். அந்தப் பிறப்பு மதுரைக் கணக்கில் ஏறிவிடும்.

ஆகவே மாநகராட்சியில் பதிவான பிறப்புகளை மாநகராட்சி மக்கள்தொகையால் வகுத்து, "மதுரையில் பிறப்பு இவ்வளவு அதிகம்" என்று ஒருவர் சொன்னால் அது தப்பு. அதேபோல, ஒரு கிராமத்தில் போன வருஷம் ஒரு பிறப்புகூடப் பதிவாகவில்லை என்றால், அங்கே யாருக்கும் குழந்தை பிறக்கவில்லை என்று பொருளில்லை. அந்த ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும் வேறு ஊரில் போய்ப் பெற்றிருக்கலாம், அவ்வளவுதான். தாயின் ஊரைக் கேட்கும் அந்தப் புள்ளிவிவரப் பகுதியை ஒழுங்காக நிரப்பினால்தான் பிறப்புகளை அவரவர் ஊருக்குத் திருப்பி அனுப்ப முடியும்.

எதை எதால் வகுக்கிறோம்?

பிறப்புகளை எண்ணியாயிற்று. எண்ணிக்கையை மட்டும் வைத்துக்கொண்டு ஒன்றும் சொல்ல முடியாது. சென்னையில் திருமங்கலத்தைவிட அதிகக் குழந்தை பிறக்கத்தானே செய்யும்? அதனால் வகுக்கிறோம்.

எளிய வகுத்தல், மொத்த மக்களால் வகுப்பது. ஆயிரம் பேர் உள்ள மக்களில் ஓர் ஆண்டில் எத்தனை குழந்தை பிறந்தது என்பதற்குப் பிறப்பு விகிதம் என்று பெயர். 2020-இல் இந்தியாவின் பிறப்பு விகிதம் 19.5, தமிழ்நாட்டின் பிறப்பு விகிதம் 13.8.

இதில் என்ன குறை? வகுக்கிற எண்ணுக்குள் தாத்தாவும் இருக்கிறார், பள்ளிக்கூடப் பையனும் இருக்கிறான், எழுபது வயதுப் பாட்டியும் இருக்கிறாள். கணக்குக்காக இரண்டு ஊரைக் கற்பனை செய்துகொள்வோம். இரண்டிலும் ஆயிரம் பேர். முதலாவது உசிலம்பட்டிக்கு மேற்கே உள்ள ஒரு கிராமம். இளசுகள் திருப்பூருக்கும் கோவைக்கும் போய்விட, பெரியவர்கள் மிஞ்சிய ஊர். அங்கே 15 முதல் 49 வயதுப் பெண்கள் 150 பேர், பிறந்த குழந்தைகள் 9. இரண்டாவது ஒத்தக்கடைப் பக்கம் புதிதாக எழும்பிய குடியிருப்பு. இளம் குடும்பங்கள் நிறைய. அங்கே அந்த வயதுப் பெண்கள் 300 பேர், பிறந்த குழந்தைகள் 15.

பிறப்பு விகிதப்படி கிராமம் 9, குடியிருப்பு 15. குடியிருப்பில்தான் பிள்ளை அதிகம் பெறுகிறார்கள் என்று தோன்றும். இப்போது பிள்ளை பெறும் வயதுப் பெண்களால் மட்டும் வகுத்துப் பாருங்கள். கிராமத்தில் ஆயிரம் பெண்களுக்கு 60. குடியிருப்பில் ஆயிரம் பெண்களுக்கு 50. கணக்கு தலைகீழாகிவிட்டது. அந்தக் கிராமத்தில் இருக்கிற கொஞ்சப் பெண்கள் அதிகமாகத்தான் பெறுகிறார்கள், ஆனால் ஊரே வயதாகிப்போனதால் அது மறைந்து கிடந்தது.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: பிறப்புகளின் எண்ணிக்கை மேலே, வகுக்கும் எண் கீழே. கீழே யாரை வைக்கிறோம் என்பதைப் பொறுத்து ஒரே ஊர் கூடுதலாகவும் தெரியும், குறைவாகவும் தெரியும். அதனால் பிறப்பு பற்றி எந்த எண்ணைக் கேட்டாலும் நான் முதலில் பார்ப்பது கீழே இருக்கும் எண்ணைத்தான்.

மாட்டுத்தாவணியிலிருந்து கிளாம்பாக்கம் வரை

சரி, 15 முதல் 49 வயதுப் பெண்கள் எல்லோரையும் ஒன்றாகப் போட்டால் போதுமா? போதாது. 18 வயதுப் பெண்ணும் 26 வயதுப் பெண்ணும் 44 வயதுப் பெண்ணும் ஒன்றல்ல. எந்த வயதில் எத்தனை பெண்கள் என்பது ஊருக்கு ஊர், வருஷத்துக்கு வருஷம் மாறும். அந்த மாற்றத்தையும் ஒதுக்கிவிட்டு, "இன்றைய நிலையில் ஒரு பெண்ணுக்கு எத்தனை குழந்தை" என்று சொல்ல ஒரு கணக்கு வேண்டும். அதற்கு முன் ஒரு பஸ் பயணத்தைப் பார்த்துவிடுவோம்.

மதுரையிலிருந்து சென்னைக்கு பஸ்ஸில் எவ்வளவு நேரமாகும்? தெரிந்துகொள்ள இரண்டு வழி உண்டு. ஒன்று, மாட்டுத்தாவணியில் ஏறி உட்கார்ந்து கிளாம்பாக்கத்தில் இறங்கிக் கடிகாரத்தைப் பார்ப்பது. உண்மையான விடை கிடைக்கும், ஆனால் அதற்கு விடிய வேண்டும். இன்னொன்று, இந்த நிமிடம் அதே சாலையில் ஓடிக்கொண்டிருக்கும் வெவ்வேறு பஸ்களின் நடத்துநர்களுக்குப் போன் போடுவது. ஒரு பஸ் மேலூரைத் தாண்டித் துவரங்குறிச்சி நோக்கிப் போகிறது. ஒன்று திருச்சிக்கும் பெரம்பலூருக்கும் நடுவில். ஒன்று உளுந்தூர்பேட்டையைத் தாண்டிவிட்டது. ஒன்று செங்கல்பட்டு நெரிசலில் நிற்கிறது. ஒவ்வொருவரிடமும், "இந்தத் துண்டைக் கடக்க இப்போது எவ்வளவு நேரம் பிடிக்கிறது?" என்று கேட்டு எல்லாத் துண்டையும் கூட்டினால் ஒரு விடை வரும்.

அந்த விடைப்படி எந்த பஸ்ஸும் முழுதாக ஓடியிருக்காது. அது ஒரு கற்பனை பஸ்ஸின் நேரம். ஆனாலும் சாலை இப்போது எப்படி இருக்கிறது என்று சொல்ல அதைவிட நல்ல வழி இல்லை.

பெண்களின் பிள்ளைப்பேற்றுக் காலம்தான் அந்தச் சாலை. ஒரு பெண்ணை 15 வயதிலிருந்து 49 வரை பின்தொடர்ந்தால் 35 ஆண்டு காத்திருக்க வேண்டும். அதற்குப் பதில், இந்த ஒரே ஆண்டில் வெவ்வேறு வயதில் இருக்கும் பெண்களைப் பார்த்து, துண்டு துண்டாகக் கணக்கிட்டுக் கூட்டுகிறோம். ஒவ்வொரு துண்டுக்கும், அதாவது ஒரு வயதுப் பிரிவில் ஆயிரம் பெண்களுக்கு அந்த ஆண்டில் பிறந்த குழந்தைகளுக்கு, வயதுவாரிக் கருவள விகிதம் என்று பெயர். எல்லாத் துண்டையும் கூட்டி வருவது மொத்தக் கருவள விகிதம். செய்தித்தாளில் கருவுறுதல் விகிதம் என்றும் டி.எஃப்.ஆர். என்றும் வருவது இதுதான்.

போட்டுப் பார்த்தால்தான் பிடிபடும். நானே வைத்துக்கொண்ட எண்கள் இவை. ஆயிரம் பெண்களுக்கு ஓர் ஆண்டில் 15–19 வயதில் 20 குழந்தைகள், 20–24-இல் 100, 25–29-இல் 110, 30–34-இல் 50, 35–39-இல் 16, 40–44-இல் 3, 45–49-இல் 1. கூட்டினால் 300. ஒரு பெண் ஒவ்வொரு பிரிவிலும் ஐந்து ஆண்டு இருப்பாள், ஆகவே ஐந்தால் பெருக்க வேண்டும்: 1,500. இது ஆயிரம் பெண்களுக்கு. ஒரு பெண்ணுக்கு 1.5.

இதில் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. ஒவ்வொரு பிரிவிலும் கீழே இருப்பது அந்த வயதுப் பெண்கள் எல்லோரும்: கல்யாணமானவர்கள், ஆகாதவர்கள், கணவனை இழந்தவர்கள், எல்லோரும். அதனால் 1.4 என்றால் "தம்பதிக்கு ஒன்றரைக்கும் குறைவு" என்று படிக்கக் கூடாது. கல்யாணமான பல பேர் இரண்டு பெற்றுக்கொண்டு, கல்யாணத்தைத் தள்ளிப்போட்டவர்களும் தனியாக இருப்பவர்களும் கூடினாலும் இந்த எண் இறங்கும்.

"எங்கம்மாவுக்கு நாங்க ஆறு பேரு, எனக்கு ரெண்டு" என்று ஒரு அம்மா சொன்னால், அது மாட்டுத்தாவணியில் ஏறிக் கிளாம்பாக்கத்தில் இறங்கியவரின் கணக்கு. முடிந்துபோன கணக்கு. மொத்தக் கருவள விகிதம் அதைச் சொல்வதில்லை. இந்த ஆண்டின் வேகத்திலேயே ஒரு பெண் தன் காலம் முழுவதும் போனால் எத்தனை பெறுவாள் என்பதை மட்டுமே சொல்கிறது.

2.1 எங்கிருந்து வந்தது?

ஒரு தலைமுறையின் இடத்தை அடுத்த தலைமுறை குறையாமல் நிரப்ப, ஒரு பெண்ணுக்கு 2.1 குழந்தை வேண்டும் என்பார்கள். அப்பா ஒன்று, அம்மா ஒன்று. இடத்தை நிரப்ப இரண்டு பிள்ளை போதுமே, அது என்ன 2.1 என்று கேட்பது நியாயம்தான்.

மக்கள்தொகைக் கணக்கில் அடுத்த தலைமுறையை உண்டாக்கப் போகிறவள் மகள். ஒரு தாய்க்கு ஒரு மகள், அவளும் பிள்ளை பெறும் வயது முழுக்க உயிரோடு இருக்க வேண்டும். இயற்கையில் 100 பெண் குழந்தைக்கு ஏறக்குறைய 105 ஆண் குழந்தை பிறக்கிறது. ஆகவே 100 மகள் கிடைக்க 205 குழந்தை பிறக்க வேண்டும். அதாவது ஒரு மகளுக்கு 2.05. பிறந்த மகள்களில் சிலர் இடையில் இறந்துபோகிறார்கள். அந்த இழப்பையும் ஈடுகட்டினால் 2.1 வருகிறது. இதற்குப் பதிலீட்டு நிலை என்று பெயர். குழந்தைகள் அதிகம் இறக்கும் நாட்டில் இது 2.1 அல்ல, மூன்றுக்கு மேலேகூடப் போகும்.

இந்த இடத்தில் நம்ம மதுரைப் பக்கத்தின் ஒரு துயரத்தைத் தாண்டிப் போக முடியாது. 1980-களின் நடுவில் உசிலம்பட்டி வட்டாரத்தில் பெண் சிசுக்கள் கொல்லப்படுவது வெளியுலகுக்குத் தெரிய வந்தது. 1992-இல் தமிழ்நாடு அரசு தொட்டில் குழந்தைத் திட்டத்தைத் தொடங்கியது. 1994-இல், கருவிலிருப்பது ஆணா பெண்ணா என்று பார்த்துச் சொல்வதைத் தடுக்கும் சட்டம் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. பெண் குழந்தையைக் கருவிலேயே கண்டுபிடித்து அழிக்கும் ஊரில் 100 பெண்ணுக்கு 110 ஆண் பிறப்பதாக வைத்துக்கொண்டால், ஒரு மகளுக்கு 2.10 குழந்தை வேண்டும். இடையில் நேரும் இழப்பையும் சேர்த்தால் 2.16-க்குப் பக்கம் போய்விடும். பெண் பிள்ளை வேண்டாம் என்று ஒதுக்கும் சமூகம், தன் அடுத்த தலைமுறையையும் சேர்த்தே ஒதுக்குகிறது என்பதைக் கணக்கும் சொல்கிறது.

இரண்டுக்குக் கீழே போயும் கூட்டம் ஏன் குறையவில்லை?

எஸ்.ஆர்.எஸ். என்ற மத்திய அரசின் மாதிரிப் பதிவுக் கணக்குப்படி (இதன் விவரத்துக்குப் பிறகு வருகிறேன்) தமிழ்நாட்டின் மொத்தக் கருவள விகிதம் 1971-இல் 3.9, 1991-இல் 2.2. 1990-களின் முதல் பாதியிலேயே பதிலீட்டு நிலைக்கு வந்துவிட்டோம். ஆனால் மக்கள்தொகை? 1991-இல் 5.59 கோடி, 2001-இல் 6.24 கோடி, 2011-இல் 7.21 கோடி. இதை வைத்தே, "கணக்கு பொய்" என்று சிலர் முடிவுகட்டிவிடுகிறார்கள்.

பொய்யில்லை. நாலு, ஐந்து பெற்ற காலத்தில் பிறந்த பெண்கள் 1990-களில் பிள்ளை பெறும் வயதுக்கு வந்தார்கள். அவர்கள் ஆளுக்கு இரண்டே பெற்றாலும், அவர்களின் எண்ணிக்கையே பெரிது. மூன்று மகள்கள் உள்ள ஒரு பாட்டிக்கு, மகளுக்கு இரண்டு என்று ஆறு பேரப்பிள்ளைகள் வந்துவிடுவார்கள் அல்லவா? அதே நேரம் பெரியவர்கள் முன்னைவிட நீண்ட நாள் வாழ்கிறார்கள். 2020-இல்கூடத் தமிழ்நாட்டில் ஆயிரம் பேருக்குப் பிறப்பு 13.8, இறப்பு 6.1. பிறப்பு குறைந்த பிறகும் பழைய இளம் தலைமுறையின் பெருக்கத்தால் மக்கள்தொகை தொடர்ந்து கூடுவதை மக்கள்தொகை உந்தம் என்கிறார்கள். இந்த உந்தம் தீர ஒரு தலைமுறைக்கு மேல் ஆகும். தீர்ந்த பிறகு இறக்கம் தொடங்கினால், அதையும் உடனே நிறுத்த முடியாது. அப்போது பிள்ளை பெறும் வயதில் இருக்கும் பெண்களே குறைவாக இருப்பார்கள்.

சுருக்கமாக: கருவள விகிதம் இன்றைய வேகம், மக்கள்தொகை பல பத்தாண்டுகளின் சேர்மானம். இரண்டும் வெவ்வேறு திசையில் போகலாம்.

தள்ளிப்போடுவதும் குறைப்பதும்

என் கணிப்பில், அதிகம் தவறாகப் படிக்கப்படும் இடம் இதுதான்.

ஓர் ஊரில் எல்லாப் பெண்களும், "இந்த வருஷம் வேண்டாம், அடுத்த வருஷம் பெற்றுக்கொள்வோம்" என்று முடிவு செய்தால் என்னாகும்? இந்த ஆண்டின் மொத்தக் கருவள விகிதம் சைபர். "ஊரே அழியப் போகிறது" என்று தலைப்புச் செய்தி போடலாம். ஆனால் ஒரு பெண்ணுக்குக்கூட ஒரு குழந்தை குறையப் போவதில்லை, தேதிதான் மாறியிருக்கிறது.

இப்படி ஒன்று உண்மையிலேயே நடந்திருக்கிறது. ஜப்பானியப் பஞ்சாங்கத்தில் அறுபது ஆண்டுக்கு ஒருமுறை நெருப்புக் குதிரை ஆண்டு வரும். அதில் பிறக்கும் பெண் கணவனுக்கு ஆகாதவள் என்பது அங்கே நம்பிக்கை. "பெண் மூலம் நிர்மூலம்" என்று இங்கே மூல நட்சத்திரத்துப் பெண்களை எத்தனை வீட்டில் வேண்டாமென்று சொல்லியிருக்கிறோம், அதே மாதிரி. 1966 அப்படிப்பட்ட ஆண்டு. ஜப்பானின் கருவள விகிதம் 1965-இல் 2.14 ஆக இருந்தது, 1966-இல் 1.58-க்கு விழுந்தது, 1967-இல் 2.23-க்கு ஏறிவிட்டது. 1966-ஐ மட்டும் பார்த்தவர் ஜப்பானியர்கள் பிள்ளை பெறுவதையே விட்டுவிட்டார்கள் என்று நினைத்திருப்பார். அவர்கள் அந்த ஆண்டைத் தாண்டி நின்றார்கள், அவ்வளவுதான்.

நம்ம ஊரில் இது மாதக்கணக்கில் நடக்கிறது. ஆடியில் புதுப்பெண்ணைத் தாய் வீட்டுக்கு அழைத்துக்கொள்வது, ஆடியில் கருத்தரித்தால் சித்திரை வெயிலில் பிள்ளை பிறக்கும் என்பதற்காகத்தான் என்று பெரியவர்கள் சொல்வார்கள். கல்யாணங்களும் முகூர்த்த மாதங்களில்தான் கூடுகின்றன. அதனால் ஒரு மாதத்துப் பிறப்பைப் பன்னிரண்டால் பெருக்கி ஆண்டுக் கணக்கு சொல்வது சரிவராது.

இங்கே மெதுவாக நடக்கும் தள்ளிப்போடல் இன்னொன்று உண்டு. பெண்கள் கல்லூரி முடித்து, வேலைக்குப் போய், கல்யாணம் சில ஆண்டு தள்ளிப்போகிறது. முதல் குழந்தைக்கும் இரண்டாவதுக்கும் நடுவே இடைவெளி கூடுகிறது. தள்ளிப்போகும் காலம் முழுக்கக் கருவள விகிதம், பெண்கள் உண்மையில் பெறப்போவதைவிடக் குறைவாகவே காட்டும். அதற்காக, வீழ்ச்சி எல்லாமே தோற்றம்தான் என்றும் சொல்ல முடியாது. தள்ளிப்போட்டதில் ஒரு பகுதி பிறக்காமலே போய்விடும். தென்கொரியா 2023-இல் 0.72-ஐத் தொட்டது. அங்கே அதுவரை பல ஆண்டு தொடர்ந்த இறக்கத்தை வெறும் தள்ளிப்போடல் என்று விளக்க முடியாது.

1.4-ஆ, 1.8-ஆ?

எஸ்.ஆர்.எஸ். தமிழ்நாட்டுக்கு 2020-இல் 1.4 என்றது. ஏறக்குறைய அதே காலத்தில் நடந்த ஐந்தாவது தேசிய குடும்ப நல ஆய்வு 1.8 என்றது. இரண்டும் மத்திய அரசின் கணக்குகள்தான். ஆளாளுக்குப் பிடித்ததை எடுத்துக்கொண்டு சண்டை போடுகிறார்கள்.

எஸ்.ஆர்.எஸ். என்பது மாதிரிப் பதிவுத் திட்டம். நாடு முழுவதும் எட்டாயிரத்துக்கு மேற்பட்ட கிராமங்களையும் நகரத் தெருத் தொகுப்புகளையும் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். ஒவ்வொன்றிலும் உள்ளூர்க்காரர் ஒருவர், பெரும்பாலும் ஆசிரியரோ அங்கன்வாடிப் பணியாளரோ, பிறப்பும் இறப்பும் நடக்க நடக்கக் குறித்துக்கொண்டே வருவார். ஆறு மாதத்துக்கு ஒருமுறை மேற்பார்வையாளர் வந்து, அந்தக் குறிப்பைப் பார்க்காமல், தானே வீடு வீடாகக் கேட்டுத் தனிப் பட்டியல் எழுதுவார். பிறகு இரண்டையும் பக்கத்தில் வைத்து ஒப்பிடுவார்கள். ஒன்றில் இருந்து மற்றதில் இல்லாத ஒவ்வொரு பிறப்புக்கும் திரும்ப அந்த வீட்டுக்குப் போய்ச் சரிபார்ப்பார்கள். எனக்கு மிகவும் பிடித்த முறை இது. ஒருவர் மறந்ததை இன்னொருவர் பிடித்துவிடுவார்.

குடும்ப நல ஆய்வு வேறு மாதிரி. தமிழ்நாட்டில் சுமார் 25 ஆயிரம் பெண்களைச் சந்தித்து, "உங்களுக்கு எந்தெந்தத் தேதியில் குழந்தை பிறந்தது?" என்று வரலாறு கேட்டு, ஆய்வுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளின் விகிதத்தைக் கணக்கிடுகிறது. அந்த ஆய்வு 2020 ஊரடங்கில் இடையில் நின்று பிறகு முடிந்தது. இரண்டுமே எல்லாரையும் எண்ணாமல் ஒரு பகுதியை மட்டும் எண்ணியவை. ஆகவே இரண்டிலும் கொஞ்சம் முன்பின் இருக்கத்தான் செய்யும்.

செய்ய வேண்டியது, ஒரே மூலத்தின் பழைய எண்ணோடு புதிய எண்ணை ஒப்பிடுவது. குடும்ப நல ஆய்வில் 1992–93-இல் 2.5, 2019–21-இல் 1.8. எஸ்.ஆர்.எஸ்ஸில் 1991-இல் 2.2, 2020-இல் 1.4. எப்படிப் பார்த்தாலும் இறக்கம்தான், எப்படிப் பார்த்தாலும் 2.1-க்குக் கீழேதான். ஆனால் ஒன்றின் பழைய எண்ணையும் மற்றதின் புதிய எண்ணையும் சேர்த்து, 2.5-லிருந்து 1.4-க்கு விழுந்துவிட்டது என்று எழுதினால், விழாத பள்ளத்தையும் சேர்த்து எழுதியதாகிவிடும்.

பிள்ளை பெறும் சக்தி பற்றிய கணக்கல்ல இது

பந்தியில் பக்கத்து இலைக்காரர் சொன்ன உர மருந்து விஷயத்துக்கு வருவோம். மதுரையில் எந்தப் பெரிய சாலையில் போனாலும் கருத்தரிப்பு மையப் பலகைகள் தெரிகின்றன. குழந்தைக்காக ஏங்கும் தம்பதிகளின் வேதனை உண்மையானது. அதைச் சிறிதாக்க நான் விரும்பவில்லை. ஆனால் மொத்தக் கருவள விகிதம் பிறந்த குழந்தைகளை மட்டுமே எண்ணுகிறது. பிறக்காததற்குக் காரணம் முடியாமையா, வேண்டாம் என்ற முடிவா, இன்னும் கல்யாணமாகாததா என்று அது கேட்பதே இல்லை.

தமிழ்நாட்டில் காரணம் பெரும்பாலும் முடிவுதான் என்று சொல்ல வலுவான ஆதாரம் இருக்கிறது. ஐந்தாவது குடும்ப நல ஆய்வின்படி, இங்கே 15–49 வயதுத் திருமணமான பெண்களில் பாதிக்கு மேற்பட்டவர்கள் குடும்பக் கட்டுப்பாடு அறுவைச் சிகிச்சை செய்துகொண்டவர்கள். இரண்டு பெற்று, இருபத்தைந்து, இருபத்தாறு வயதுக்குள் "ஆபரேஷன்" முடித்துக்கொண்ட பெண்களைத் தெருவுக்குத் தெரு பார்க்கலாம். பிறந்த குழந்தை பிழைக்கும் என்ற நம்பிக்கை வந்ததும் இதற்குக் காரணம். 2020-இல் தமிழ்நாட்டில் ஆயிரம் குழந்தைகளுக்கு ஒரு வயதுக்குள் இறந்தவை 13. இந்தியா முழுவதுக்கும் அது 28. பெண்களின் படிப்பு, மதிய உணவு, கிராமம் கிராமமாகப் போன சுகாதாரச் செவிலியர்கள் எல்லாம் சேர்ந்து செய்தது இது. ஆண்கள் அறுவைச் சிகிச்சை செய்துகொள்வது மட்டும் இன்றும் மிகச் சொற்பம் என்பது எனக்குப் பெரிய மனக்குறை.

அரசுப் பள்ளி ஒன்றாம் வகுப்பில் நாலு பேர் என்பதற்கும் இதே பதில்தான். ஐந்து ஆண்டுக்கு முன் பிறந்த பிள்ளைகள் குறைந்ததும் ஒரு காரணம். வேன் வைத்துக் கூட்டிப்போகும் தனியார் பள்ளியும் ஒரு காரணம், குடும்பத்தோடு திருப்பூர் போனவர்களும் ஒரு காரணம். ஒரே வகுப்பை வைத்துக்கொண்டு எது எவ்வளவு என்று பிரித்துச் சொல்ல முடியாது. மேலும் இவ்வளவு சின்ன எண்ணிக்கையில் தற்செயலே பெரிதாகத் தெரியும். போன வருஷம் ஆறு பிறந்த ஊரில் இந்த வருஷம் மூன்று பிறந்தால், "ஐம்பது சதவீத வீழ்ச்சி" என்று சொல்வதில் அர்த்தமே இல்லை.

மதுரைக்கு மட்டும் எவ்வளவு?

வகுப்பில் தவறாமல் வரும் கேள்வி இது. எஸ்.ஆர்.எஸ். மாவட்ட வாரியாக விகிதம் வெளியிடுவதில்லை. மாவட்டத்துக்குள் அதன் மாதிரி மிகச் சிறியது. பிறப்புப் பதிவில் எண்ணிக்கை கிடைக்கும், ஆனால் மேலே சொன்ன பெரியாஸ்பத்திரிச் சிக்கலும் தாய்வீட்டுச் சிக்கலும் இருக்கின்றன. எல்லைகளும் மாறிக்கொண்டே வந்திருக்கின்றன. 1985-இல் திண்டுக்கல் தனி மாவட்டமானது, 1990-களில் தேனி பிரிந்தது, 2011-இல் மாநகராட்சி 100 வார்டாக விரிந்தது. பழைய மதுரையையும் இன்றைய மதுரையையும் அப்படியே பக்கத்தில் வைக்க முடியாது.

எல்லாவற்றுக்கும் மேலாக, கீழே வைக்க வேண்டிய எண் நம் கையில் இல்லை. மாவட்டத்தில் எந்த வயதில் எத்தனை பெண்கள் என்று வீடு வீடாக எண்ணிச் சொன்னது 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு. அதன்படி மதுரை மாவட்டத்தில் 30.38 லட்சம் பேர். 2021-இல் நடக்க வேண்டிய கணக்கெடுப்பு நடக்கவில்லை. அடுத்ததற்கு 2027 மார்ச் 1 குறிப்பு நாளாக அறிவிக்கப்பட்டிருக்கிறது. 2011-இல் வீட்டுக்கு வந்த கணக்கெடுப்பாளர், திருமணமான பெண்களிடம் இதுவரை எத்தனை குழந்தை பிறந்தது, கடந்த ஓராண்டில் குழந்தை பிறந்ததா என்றும் கேட்டார். அந்தக் கேள்விகளுக்கான விடையும் வயதுவாரியான பெண்கள் எண்ணிக்கையும் புதிதாகக் கிடைக்கும்போதுதான் மதுரைக்கென்று ஒரு விகிதத்தை நம்பிக் கணக்கிட முடியும். அதுவரை யாராவது மதுரையின் கருவள விகிதம் இவ்வளவு என்று சொன்னால், அதன் கீழே இருப்பது 2011-ஐ வைத்து நீட்டிப் போட்ட மதிப்பீடுதான்.